பிள்ளைகளின் திருமணமும் பொலிஸ் நிலையப் பஞ்சாயத்தும்

ஆசிரியர் அவர்களுக்கு,

பெற்றோர் விரும்பாத பதிவுத் திருமணங்கள் பொலிஸ் முறைப்பாடாகி, நீதவான் நீதிமன்றம் வரை செல்வது எமது திருகோணமலைக்கும் புதிதல்ல. இலங்கையில் முழுவயது (சட்டப்படி வயதுவந்தவராகக் கருதப்படும் வயது) 1989 இல் 21 இலிருந்து 18 ஆகக் குறைக்கப்பட்டதுடன், 1995 ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி பொது விவாகச் சட்டத்தில் ஆண், பெண் இருவருக்கும் ஆகக்குறைந்த திருமண வயதும் 18 ஆகும். எனவே வயதுவந்த இருவர் விவாகப் பதிவாளர் முன்னிலையில் மனமொப்பி ஒப்பமிட்ட பின்னர், சாதியோ மதமோ சீதனமோ ஒத்துவரவில்லை என்பதற்காக அதைக் கலைத்துவிடும்படி பெற்றோர் நீதிமன்றத்தைக் கேட்க முடியாது. (அவர்களது கவலையை நான் எளிதாக எண்ணவில்லை, நானும் மகளைப் பெற்றவன்தான்.)

இந்தியாவில் கேரள உயர் நீதிமன்றம் 2017 இல், தந்தையின் மனுவை ஏற்று, வயதுவந்த பெண்ணொருவரின் திருமணத்தை இரத்துச் செய்தபோது, அத்தீர்ப்பை மறு ஆண்டு மார்ச் மாதத்தில் உச்ச நீதிமன்றம் தள்ளிவைத்து அத்திருமணத்தைச் செல்லுபடியாக்கியதை வாசகர்கள் அறிவர்.

எனக்குக் கவலை தருவது நீதிமன்றமன்று, அதற்கு முன்னர் பொலிஸ் நிலைய வாங்கில் நடக்கும் பேரம். மாமன்மாரும் ஊர்ப் பெரியவர்களும் சூழ்ந்திருக்க, இவ்வாறு மணம் முடித்த பெண் சொல்வதை அவளது சொந்த விருப்பம் என்று எவ்வாறு பதிவது? 2005 ஆம் ஆண்டின் 34 ஆம் இலக்க வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் பெற்றோர், சகோதரரின் துன்புறுத்தலுக்கும் பொருந்தும். நீதவான் இடைக்காலப் பாதுகாப்புக் கட்டளையும், விசாரணையின் பின்னர் 12 மாதங்கள் வரையான கட்டளையும் வழங்கலாம். பொலிஸ் நிலையங்களின் சிறுவர், பெண்கள் பணியகங்களில் இதனைத் தமிழில் எடுத்துரைக்கப் பெண் உத்தியோகத்தர்கள் நியமிக்கப்பட வேண்டும்.

இவ்வண்ணம்,
வாசகர் ஒருவர்,
உப்புவெளி, திருகோணமலை.