எஸ் என்றாலும் சித்திதான்

ஆசிரியர் அவர்களுக்கு,

பதினோராம் வகுப்பு முடிவில் எழுதும் சாதாரண தரப் பரீட்சையின் பெறுபேறு வெளியான மறுநாள், ஒன்பது பாடத்திலும் ஏ (9ஏ) எடுத்த பிள்ளைகளின் படங்களை ஒரு முழுப்பக்கத்தில் போட்டிருந்தீர்கள். உழைத்துப் படித்த பிள்ளைகள், பாராட்டத்தான் வேண்டும். நான் எழுதுவது அந்தப் பக்கத்தில் இல்லாத பிள்ளைகளுக்காக.

முப்பது வருடம் கணிதம் படிப்பித்து ஓய்வுபெற்றவன் நான். அன்று பின்னேரம் அயல்வீட்டுப் பிள்ளை கைத்தொலைபேசியோடு வந்து நின்றாள். அழுது கண் வீங்கியிருந்தது. "கணக்கு எஸ் எண்டால் ஏ.எல். படிக்க விடமாட்டினமாம், சேர்." சொன்னது பெரியம்மா. படிப்பை நிப்பாட்டிப்போட்டுத் தையலுக்குப் போகச் சொல்லியும் ஆயிற்று.

திரையை வாங்கிப் பார்த்தேன். சமயம் ஏ, தமிழ் பி, சங்கீதம் பி, வரலாறு சி, கணிதமும் விஞ்ஞானமும் எஸ், ஆங்கிலம் மட்டும் டபிள்யூ, அதாவது சித்தியில்லை. ஏ.எல். எனப்படும் உயர்தர வகுப்புக்குப் போக, தாய்மொழியும் கணிதமும் உட்பட ஆறு பாடங்களில் சித்தி (தேர்ச்சி) வேண்டும். மூன்று பாடங்களிலாவது சி அல்லது அதற்கு மேல் இருக்க வேண்டும். அவளிடம் எல்லாம் இருக்கிறது. கணித, விஞ்ஞானப் பிரிவுகளுக்குத்தான் மேலதிகமாகக் கேட்பார்கள். அவள் விரும்புவது கலைப்பிரிவு. 35 புள்ளி எடுத்தால் எஸ், எஸ் என்பது சாதாரண சித்தி. அந்த ஒரு எழுத்தைத் தோல்வி என்று வாசித்து ஒரு பிள்ளையை ஒரு நாள் முழுக்க அழவைத்துவிட்டார்கள்.

பெரியம்மாவை நான் குறை சொல்லவில்லை. அவர் சோதனை எழுதிய காலத்தில் டி, சி, எஸ், எஃப் என்று நான்கு தரம்தான், டி தான் உச்சம், பி என்று ஒன்றே இல்லை. இப்போது ஏ 75இல் தொடங்குகிறது, பி 65இல், சி 50இல். 35க்குக் கீழே டபிள்யூ. 65 எடுத்தவளுக்கும் 74 எடுத்தவளுக்கும் ஒரே பிதான். எட்டுப் பாடத்தில் ஏ எடுத்து ஒன்பதாவதில் 74 எடுத்த பிள்ளைக்குப் பாடசாலை மதிலில் பதாகை கிடையாது. அந்த ஒரு புள்ளிக்காகத் தகப்பன் பேசாமல் இருந்த வீடுகளை நான் கண்டிருக்கிறேன்.

உயர்தரத்தில் குழப்பம் இன்னும் கூட. சித்தி எழுத்துகள் அதே ஏ, பி, சி, எஸ்தான், ஆனால் அங்கே சி 55இல் தொடங்கும். பல்கலைக்கழக அனுமதிக்கு அந்த எழுத்துகளும் போதாது, இசட் புள்ளிதான் தீர்மானிக்கும். ஒவ்வொரு பாடத்திலும் எல்லாரும் எடுத்த சராசரியிலிருந்து ஒரு பிள்ளை எவ்வளவு தூரம் மேலே அல்லது கீழே நிற்கிறது என்று பார்த்துக் கணிப்பது அது. அதற்கு மேல் மாவட்ட ஒதுக்கீடும் உண்டு. 3ஏ எடுத்தும் மருத்துவபீடம் கிடைக்காத பிள்ளையைப் பார்த்து "என்ன படிச்சாய்?" என்று கேட்கிறவர்களுக்கு இது தெரியாது.

அடுத்த முறை அந்தப் படங்களுக்குப் பக்கத்தில் ஒரு சின்னப் பெட்டி போடுங்கள்: எந்த எழுத்துக்கு எத்தனை புள்ளி, உயர்தரத்துக்கு எது போதும், மீள்திருத்தத்துக்கு எப்படி விண்ணப்பிப்பது. சித்தி போதாத பிள்ளைகளுக்கு 2017இல் தொடங்கிய 13 வருடக் கல்வியின் தொழிற்பாடப் பிரிவு இருப்பதையும் மறக்காமல் சேருங்கள். எழுதித் தர நான் ஆயத்தம்.

ஓய்வுபெற்ற கணித ஆசிரியர்,
சுன்னாகம்.