பதியாத அக்ரிமென்ட்: மதுரை ஆவண எழுத்தர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதுரை மாவட்டத்து ஆவண எழுத்தர்களுக்கு வணக்கம்.

அடுக்குமாடி வீடு வாங்க வருகிறவரிடம் நம்மூரில் இரண்டு பேச்சு ஓடுகிறது. அட்வான்ஸ் வாங்கும் நாளில், "நோட்டரி போட்டாச்சு, இது போதும்." விலை ஏறி பில்டர் மனசு மாறிய நாளில், "பதியாத அக்ரிமென்ட்தானே, செல்லாது." இரண்டையும் ஒரே வாய் சொல்வதும் உண்டு. வீடு வாங்குகிறவர் வக்கீலைத் தேடுவதற்கு முன் உங்கள் மேசைக்குத்தான் வருகிறார். அதனால்தான் இதை உங்களுக்கு எழுதுகிறோம்.

முதலில் "செல்லாது" என்கிற பேச்சு. தமிழ்நாட்டில் 2012 டிசம்பர் 1 முதல் கிரைய ஒப்பந்தத்தைக் கட்டாயம் பதிய வேண்டும். பதிவுச் சட்டத்தில் 17(1)(ஜி) அதற்காகவே சேர்ந்தது. ஆனால் அதே சட்டத்தின் 49ஆம் பிரிவில் இருக்கும் விதிவிலக்கை அப்போது யாரும் தொடவில்லை. ஏற்றதை ஆற்றக் கோரும் வழக்கில், அதாவது ஒப்பந்தப்படி கிரையம் செய்து தரச் சொல்லும் வழக்கில், பதியாத ஒப்பந்தத்தைச் சாட்சியமாக எடுத்துக்கொள்ளலாம் என்பதே அந்த விதிவிலக்கு. நம் மாநிலத்து வழக்கு ஒன்றிலேயே 2023 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் இதை உறுதிப்படுத்திவிட்டது. ஆகவே, பதியவில்லை என்ற ஒரே காரணத்தைக் காட்டி பில்டர் தப்பிக்க முடியாது.

அப்படியானால் "போதும்" என்பது சரியா? இல்லை. அந்தக் காகிதம் கையெழுத்துப் போட்டவரைக் கட்டும், ஊரைக் கட்டாது. கோச்சடையிலோ ஆனையூரிலோ ஒரு வீட்டுக்கு ஆறு மாதத்துக்கு முன் அக்ரிமென்ட் போட்டிருக்கலாம். அது வில்லங்கச் சான்றில் வராது. பில்டர் அதே வீட்டை இன்னொருவருக்குக் கிரையம் செய்துவிட்டால், விவரம் தெரியாமல் முழு விலை கொடுத்து வாங்கிய அந்த இரண்டாமவரைத் தனிக்குறிப்புப் பரிகாரச் சட்டத்தின் 19ஆம் பிரிவு காப்பாற்றும். தெரியாது என்று அவர் சாட்சி சொல்லிவிட்டால், அவருக்கு முன்பே தெரியும் என்று காட்ட ஆள் தேடி அலைய வேண்டியவர் முதலில் ஒப்பந்தம் போட்டவர். ஒப்பந்தம் பதிவாகியிருந்தால், அந்தப் பதிவையே அறிவிப்பாகச் சட்டம் எடுத்துக்கொள்ளும். யாரும் தெரியாது என்று சொல்ல முடியாது.

சாவி வாங்கிக் குடியேறிவிட்டவருக்கும் இதே கதிதான். குடியேறியவரைப் பில்டர் வெளியேற்றாதபடி சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 53ஏ தரும் காப்பு, 2001 செப்டம்பர் 24க்குப் பின் எழுதிய ஒப்பந்தங்களில் பதிந்தவற்றுக்கு மட்டுமே கிடைக்கும். நோட்டரி முத்திரை அந்த இடத்தை நிரப்பாது. நோட்டரி கையெழுத்துக்குச் சாட்சி, அவ்வளவுதான்.

செலவைப் பாருங்கள். வீட்டு விலை 45 லட்சம், அட்வான்ஸ் 4.5 லட்சம், சுவாதீனம் கொடுக்கவில்லை என்றால் ஒப்பந்தத்தின் பதிவுக் கட்டணம் அட்வான்ஸில் 1%, அதாவது 4,500 ரூபாய். இதை மிச்சம் பிடித்தவர் பிறகு ஏற்றதை ஆற்றக் கோரி வழக்குப் போட்டால், நீதிமன்றக் கட்டணம் முழு விலையில் 3%: 1,35,000 ரூபாய். வக்கீல் ஃபீஸ் தனி. (அதை நாங்களே சொல்வது கொஞ்சம் சங்கடம்தான்.)

ரெரா (வீடு, மனை விற்பனையை ஒழுங்குபடுத்தும் சட்டம்) எண் உள்ள திட்டம் என்றால் பேச்சுக்கே இடமில்லை. அந்தச் சட்டத்தின் 13ஆம் பிரிவுப்படி, ஒப்பந்தம் எழுதிப் பதியாமல் விலையில் 10 சதவீதத்துக்கு மேல் பில்டர் வாங்கவே கூடாது. எங்களுக்குக் கவலை சிறிய திட்டங்கள் பற்றித்தான். 500 சதுர மீட்டருக்குள், அதாவது சுமார் 12 சென்டில், எட்டு வீட்டுக்குள் கட்டுகிறவர்களுக்கு ரெரா பதிவு தேவையில்லை. அங்கே வாங்குகிறவருக்கு மிஞ்சுவது உரிமையியல் நீதிமன்றமும் நுகர்வோர் ஆணையமும்தான். நுகர்வோர் ஆணையத்துக்கு இரண்டு வருடத்துக்குள் போக வேண்டும்.

இனி எழுத்து வேலை. வழக்குகள் பெரும்பாலும் சட்டத்தில் தோற்பதில்லை, வாசகத்தில் தோற்கின்றன. நில உரிமையாளர் ஒருவர், அவரிடம் பவர் (அதிகாரப் பத்திரம்) வாங்கிக் கட்டுகிறவர் ஒருவர் என்ற நிலையில், பல அக்ரிமென்ட்களில் பில்டர் மட்டும் கையெழுத்துப் போடுகிறார். பவரை ரத்து செய்தாலோ உரிமையாளர் இறந்தாலோ சிக்கல் அங்கேதான் ஆரம்பிக்கும். உரிமையாளரையும் ஒப்பந்தத்தில் ஒரு தரப்பாகச் சேருங்கள். பவர் ஆவண எண்ணையும் வருடத்தையும் குறிப்பிடுங்கள். சொத்து விவரத்தில் "இரண்டாம் தளத்தில் ஒரு வீடு" என்று விட்டுவிடாதீர்கள். சர்வே எண், நான்கு எல்லை, வீட்டு எண், கார்பெட் ஏரியா, நிலத்தில் பிரிபடாத பாகம் இத்தனை சதுர அடி, கார் நிறுத்துமிடம் என்று எல்லாம் வேண்டும். எந்த வீடு என்றே தெரியாத ஒப்பந்தத்தை எந்த நீதிபதியாலும் நிறைவேற்ற முடியாது.

"கட்டி முடித்தபின் கிரையம்" என்ற வரியை ஒழியுங்கள். தேதி போட்டால் அன்றிலிருந்து மூன்று வருடம் வழக்குக் கெடு. தேதி இல்லாவிட்டால், பில்டர் மறுத்தது வாங்குகிறவருக்கு எப்போது தெரிந்தது என்பதே தனிச் சண்டையாகிவிடும். அட்வான்ஸ் வங்கி வழியே போகட்டும். 20,000 ரூபாயோ அதற்கு மேலோ ரொக்கமாக வாங்கினால், அந்தத் தொகை அளவுக்கே அபராதம் பணம் பெற்றவர் தலையில் விழும் என்பதை பில்டர்களுக்கும் சொல்லிவையுங்கள். கிரையம் நடக்காவிட்டால் அட்வான்ஸை வட்டியோடு திருப்பித் தர வேண்டும், அதுவரை சொத்தின் மேல் அது பொறுப்பாக நிற்கும் என்றும் ஒரு வரி சேருங்கள். சட்டத்திலேயே இது உண்டு என்றாலும், எழுதியிருந்தால் வாதம் குறையும்.

கடைசியாக நாள் கணக்கு. ஆடி பிறப்பதற்குள் கையெழுத்துப் போட்டுவிட்டு, "பதிவு ஆவணியில் பார்த்துக்கலாம்" என்பது இங்கே பழக்கம். ஆவணி போய்ப் புரட்டாசி வரும், பிறகு தீபாவளி. ஜூலை 10இல் கையெழுத்தான ஒப்பந்தத்தை நவம்பர் 10க்குள் தாக்கல் செய்ய வேண்டும். தவறினால் மாவட்டப் பதிவாளர் அனுமதியோடு இன்னும் நான்கு மாதம் கிடைக்கும். அபராதம் பதிவுக் கட்டணத்தைப்போல் பத்து மடங்கு வரை போகும். அதுவும் கடந்தால் அந்தக் காகிதத்தைப் பதிய வழியில்லை, புதிதாகத்தான் எழுத வேண்டும். அதற்குள் பில்டர் வேறு விலை சொல்வார். கையெழுத்து வாங்கும் அன்றே அந்தக் கெடு தேதியை, வாங்குகிறவர் கையில் கொடுக்கும் நகலின் தலைமாட்டில் சிவப்பு மையில் எழுதிக் கொடுங்கள்.

இப்படிக்கு,
மதுரையில் உரிமையியல் வழக்குகள் நடத்தும் வழக்கறிஞர்கள் சிலர்