மடக்கு நாற்காலியின் சார்பில் ஒரு கடிதம்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சார்லி சாப்ளினின் 1919ஆம் ஆண்டு ஊமைப்படமான 'எ டேஸ் ப்ளெஷர்' பற்றிச் சென்ற இதழில் எழுதியவர், அதில் எல்லோரும் காரணமின்றிக் கைகாலை உதறிக்கொண்டு ஓடுவதாகவும் தமக்குச் சிரிப்பே வரவில்லை என்றும் முடித்திருந்தார். எந்த வேகத்தில் ஓடிய பிரதியைப் பார்த்தார் என்று சொல்லியிருந்தால் எனக்குத் தபால் செலவு மிச்சமாகியிருக்கும்.

கேமராவின் கைப்பிடியைக் கையால் சுழற்றிக் குறைந்த வேகத்தில் எடுத்த படத்தை, பேசும்படத்துக்குரிய விநாடிக்கு 24 சட்டங்கள் (ஃபிரேம்கள்) என்ற கணக்கில் ஓட்டினால் யாரும் பறக்கத்தான் செய்வார்கள் என்பது தாங்கள் அறியாததல்ல. திரைப்படச் சங்கமொன்றில் பதினோரு ஆண்டுகள் 16 மி.மீ. புரொஜெக்டரை இயக்கிய நானே, ஒரு மாலை இப்படத்தைத் தவறான வேகத்தில் தொடங்கிவிட்டேன். அரங்கம் கல்லாக உட்கார்ந்திருந்தது. விசையை மாற்றி முதலிலிருந்து ஓட்டியபோதோ, படகின் தளத்தில் சார்லி மடக்கு நாற்காலியை விரிக்கப் பாடுபடும் இடத்தில், முன்வரிசைப் பெரியவர் ஒருவர் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். ஒவ்வொரு தோல்விக்குப் பிறகும் சற்றே நிதானித்து, இம்முறை சரியாகிவிடும் என்று சார்லி நம்புகிறாரே, அங்கேதான் சிரிப்பு இருக்கிறது. அந்த நிதானத்தை வேகம் விழுங்கிவிட்டால் மிஞ்சுவது கட்டையும் துணியும்தான்.

இதைச் சாப்ளினின் தலைசிறந்த படம் என்று நானும் வாதாட மாட்டேன். அவருடைய முழுநீளப் படமான 'த கிட்'டின் படப்பிடிப்பு நீண்டுகொண்டே போக, ஃபர்ஸ்ட் நேஷனல் நிறுவனத்துக்குக் கொடுப்பதற்கென்று இடையில் எடுத்த இரண்டு ரீல் குறும்படம் அது. ஆயினும், முரண்டு பிடிக்கும் ஃபோர்டு காரும், படகிலேறியதும் வரும் குமட்டலும், திரும்பும் வழியில் நாற்சந்தித் தாரில் கால் ஒட்டிக்கொள்வதுமாக, குடும்பத்தோடு உல்லாசமாகப் போய்வந்த எவருக்கும் அது விளங்கும். பையன்களில் ஒருவனாக வருபவர் 'த கிட்' படத்தின் சிறுவனான ஜாக்கி கூகன் என்பதைக்கூடத் தங்கள் கட்டுரையாளர் கவனிக்கவில்லை.

இது முதன்முறையும் அல்ல. முன்பொருமுறை இன்னொரு ஊமைப்பட நகைச்சுவை நடிகரான பஸ்டர் கீட்டனின் புகைப்படத்தைப் போட்டுச் சார்லி என்று அச்சிட்டீர்கள் (மீசை எங்கே என்று அச்சகத்திலாவது ஒருவர் கேட்டிருக்கலாம்). ஊமைப்படங்கள் இசையின்றி ஓடியதாக ஒரு பெட்டிச் செய்தியும் வந்தது. அரங்கில் பியானோ வாசித்தவர்களைப் பற்றி இரண்டு பக்கம் எழுதினேன். இரண்டுக்கும் தங்களிடமிருந்து ஓர் அஞ்சலட்டைகூட வரவில்லை. தங்களுக்கு வேலை அதிகம் என்று எடுத்துக்கொண்டேன்.

மறுப்பு வேண்டாம், வருத்தமும் வேண்டாம். கட்டுரையாளர் பார்த்த பிரதி மொத்தம் எத்தனை நிமிடம் ஓடியது என்பதை மட்டும் அடுத்த இதழில் ஒரு வரியில் வெளியிடுங்கள். வேகத்தை நானே கணக்கிட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நீண்டநாள் சந்தாதாரர்