செயலாளரின் ஆண்டறிக்கை 2025: ஆட்டத்தின் நடுவே பேசக் கற்றது

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, செயற்குழு நண்பர்களே, உறுப்பினர்களே, பிள்ளைகளோடு வந்து அமர்ந்திருக்கும் பெற்றோர்களே, அனைவருக்கும் வணக்கம்.

பாளையங்கோட்டை வட்டாரத்தில் இணையத்தில் அணியாக வீடியோ கேம் ஆடுவோருக்கான நம் சங்கத்தின் 2025ஆம் ஆண்டறிக்கையைச் செயற்குழுவின் சார்பில் முன்வைக்கிறேன். வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் வாசிப்பார். போட்டி முடிவுகள் அறிவிப்புப் பலகையில் ஒட்டப்பட்டிருக்கின்றன. இந்த ஆண்டு நாம் கையில் எடுத்த பெரிய வேலை ஒன்றுதான். ஆட்டத்தின் நடுவே அணியினர் ஒருவரோடு ஒருவர் எப்படிப் பேசுவது என்பதே அது. அறிக்கையின் பெரும்பகுதி அதைப் பற்றியதாகவே இருக்கும்.

பொங்கல் விடுமுறையில் நடந்த ஆட்டங்களின் ஒலிப்பதிவுகளைச் செயற்குழு உட்கார்ந்து கேட்டதில்தான் இது தொடங்கியது. கைபேசியில் ஆடும் துப்பாக்கிச் சண்டை விளையாட்டான பிஜிஎம்ஐயில் நம் நால்வர் அணிகள் எங்கெங்கே தோற்றன என்று குறித்துக்கொண்டே வந்தோம். குறி தவறித் தோற்ற இடங்கள் உண்டு. அவற்றைவிட, ஒருவருக்குத் தெரிந்த செய்தி மற்றவருக்குப் போய்ச் சேராமல் தோற்ற இடங்களே மிகுதி. ஒருவர் எதிரியைப் பார்த்துவிட்டு "அங்கே! அங்கே இருக்கிறான், அடிக்கிறான்!" என்று கத்துகிறார். எங்கே என்று மூவரும் ஒரே நேரத்தில் கேட்கிறார்கள். அந்தக் கூச்சலில், பின்பக்கப் படிக்கட்டில் ஏறி வரும் இன்னொருவனின் காலடி ஓசை எவர் காதிலும் விழுவதில்லை. இதே காட்சியைப் பதிவுக்குப் பதிவு கேட்டோம். கைத்திறனை வளர்க்க நம் பிள்ளைகள் பயிற்சிக் களத்தில் மணிக்கணக்காக உழைக்கிறார்கள். பேச்சுக்கு எவரும் பயிற்சி எடுத்ததில்லை. அதை இந்த ஆண்டு மாற்றினோம்.

முதலில் சொல்லும் வரிசையை வகுத்தோம். இடம், எத்தனை பேர், அவர்கள் என்ன நிலையில் இருக்கிறார்கள், அவ்வளவுதான். "சிவப்புக் கூரை வீட்டு மாடியில் இரண்டு பேர், ஒருவனுக்கு அடி விழுந்திருக்கிறது." இதைச் சொன்னதும் வாயை மூடிக்கொள்ள வேண்டும். எப்படிப் பார்த்தேன், எத்தனை குண்டு போட்டேன், எப்படித் தப்பினான் என்ற கதையெல்லாம் ஆட்டம் முடிந்த பிறகு. கேட்டவர் "கேட்டேன்" என்று ஒரு சொல்லில் பதில் தர வேண்டும். இந்தப் பதில் பழக்கம் வருவதற்குத்தான் மிகவும் பாடுபட்டோம். பதில் வராவிட்டால் சொன்னவர் அதையே மூன்று முறை சொல்கிறார். அடுத்த செய்திக்கு இடமில்லாமல் போகிறது.

திசையைச் சொல்வதில் ஏப்ரல் மாதக் கூட்டத்தில் நீண்ட விவாதம் நடந்தது. திரையின் மேலே ஓடும் திசைகாட்டியில் எண்கள் இருக்கின்றன. எண்ணைச் சொன்னால் போதும் என்று இளைய உறுப்பினர்கள் வாதிட்டார்கள். ஆனால் அந்த எண் சொல்பவர் நிற்கும் இடத்திலிருந்து பார்க்கும் திசை மட்டுமே. நால்வரும் ஒரே சுவருக்குப் பின்னால் இருக்கும்போது அது துல்லியமாக உதவுகிறது. ஒருவர் குன்றின் மேலும் இன்னொருவர் ஆற்றங்கரையிலும் இருந்தால், அதே எண் இருவருக்கும் இரண்டு வெவ்வேறு இடங்களைக் காட்டும். அருகருகே இருந்தால் எண், பிரிந்திருந்தால் அடையாளப் பொருள் என்று முடிவானது. எண்ணை இருநூற்று எண்பத்தைந்து என்று நீட்டாமல் இரண்டு, எட்டு, ஐந்து என இலக்கம் இலக்கமாகச் சொல்வது என்றும் தீர்மானித்தோம்.

அடுத்து இடங்களின் பெயர்கள். கவுண்டர் ஸ்டிரைக் என்ற துப்பாக்கி விளையாட்டில் டஸ்ட் 2 என்ற களம் 2001இல் வந்தது. அதன் ஒவ்வொரு மூலைக்கும் ஆட்டக்காரர்கள் பெயரிட்டு, ‘லாங்’ என்றாலும் ‘கேட்வாக்’ என்றாலும் எந்த நாட்டுக்காரருக்கும் விளங்கும்படி பழக்கிவிட்டார்கள். பிஜிஎம்ஐயின் எராங்கல் களத்தில் பொசிங்கி, ரோசோக் போன்ற ஊர்ப் பெயர்களை நம் பிள்ளைகள் தூக்கத்திலும் சொல்வார்கள். ஊருக்குள்ளே போனால்தான் சிக்கல். நம் முதல் அணி ‘மஞ்சள் வீடு’ என்று சொல்லும் கட்டடத்தை இரண்டாம் அணி ‘மூன்று மாடி’ என்றது. அணி மாறி ஆடியவர்கள் தடுமாறினார்கள். கோடை விடுமுறையில் களங்களின் வரைபடங்களைப் பெரிய தாளில் அச்சிட்டு, இடத்துக்கு ஒரு பெயர் என்று முடிவுசெய்து எழுதி, இந்தக் கூடத்தின் சுவரில் மாட்டினோம். கல்லூரி மாணவர் இருவர் பொறுமையாகச் செய்த வேலை அது. சங்கம் அவர்களுக்குக் கடன்பட்டிருக்கிறது.

எவ்வளவு பேசுவது என்பதைப் போலவே எப்போது பேசாமலிருப்பது என்பதும் பெரிய கேள்வி. வேலரண்ட் ஆட்டத்தில் ‘ஸ்பைக்’ எனப்படும் வெடிகுண்டு வைக்கப்பட்டால் 45 வினாடியில் வெடிக்கும். அதைச் செயலிழக்கச் செய்ய 7 வினாடி வேண்டும். ஸ்பைக்கை வைத்துவிட்ட நம் அணியில் நால்வர் இறந்து ஒருவர் மட்டும் எஞ்சியிருக்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். எதிரி ஸ்பைக்கைத் தொட்டானா, தொடுவதுபோல் ஏமாற்றிவிட்டு விலகினானா என்பதை அவர் காதால்தான் அறிய வேண்டும். அந்த நேரத்தில் இறந்த நால்வரும் ஆளுக்கு ஒரு யோசனை சொல்கிறார்கள். இடப்பக்கம் போ என்று ஒருவர், நில் என்று ஒருவர், இப்போதே சுடு என்று ஒருவர். ஜூன் முதல் விதி இதுதான்: இறந்தவர், தன்னைக் கொன்றவன் இருக்கும் இடத்தை ஒரே வாக்கியத்தில் சொல்லிவிட்டு மைக்கை அணைக்க வேண்டும். எஞ்சியவர் கேட்டால் மட்டுமே மறுபடி திறக்கலாம். மூத்த உறுப்பினர்கள் சிலர் இதை எதிர்த்தார்கள். அனுபவம் உள்ளவர் வழிகாட்டினால் என்ன தவறு என்றார்கள். வாக்கெடுப்பில் விதி நிறைவேறியது. எதிர்த்தவர்களும் அதன்பின் முறையாகக் கடைப்பிடித்தார்கள் என்பதை நன்றியுடன் பதிவு செய்கிறேன்.

இதையொட்டி, பின்னால் நின்று பயிற்சியாளர்கள் கத்துவதற்கும் வரம்பு வைத்தோம். கவுண்டர் ஸ்டிரைக்கின் பெரிய போட்டிகளில், பயிற்சியாளர் இடைவேளைகளிலும் 30 வினாடி ஓய்வு நேரங்களிலும் மட்டுமே அணியோடு பேசலாம் என்று அந்த விளையாட்டை வெளியிடும் வால்வ் நிறுவனம் 2016இல் விதித்தது. அன்று பல அணிகள் முணுமுணுத்தன. முடிவெடுக்கும் பொறுப்பு களத்தில் நிற்பவரிடமே இருக்க வேண்டும் என்பதில் எனக்கு ஐயமில்லை. நம் அணிகளுக்கும் அந்த விதியே இப்போது நடைமுறை. களத்தில் திட்டம் சொல்வது ஐஜிஎல் எனப்படும் அணித்தலைவர் ஒருவர் மட்டுமே. தகவல் சொல்வது எல்லோர் பொறுப்பும். இந்த வேறுபாடு பிடிபட்ட அணிகள் வேகமாக முன்னேறின.

ஆகஸ்டில், மாவட்ட அளவில் கபடி ஆடிய மூத்தவர் ஒருவரை அழைத்திருந்தோம். பாடி வருபவனைப் பிடிக்கக் கைகோத்து நிற்கும் இருவரில் யார் முதலில் பாய்வது என்பதைக் கை அழுத்தத்தாலேயே சொல்லிக்கொள்வோம் என்று அவர் செய்துகாட்டினார். கூடம் முழுவதும் எழுந்து நின்று பார்த்தது. அன்று மாலை நடந்த பயிற்சியில் நம் பிள்ளைகளின் பேச்சு பாதியாகக் குறைந்திருந்தது.

பேசாமலே பேசும் வழிகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். 2019 பிப்ரவரியில் வந்த ஏபெக்ஸ் லெஜண்ட்ஸ் விளையாட்டு, ‘பிங்’ என்ற குறியீட்டு முறையை வேறு உயரத்துக்குக் கொண்டுபோனது. ஒரு பொத்தானைத் தட்டினால் இடத்தைக் குறிக்கும். இருமுறை தட்டினால் எதிரி என்று எச்சரிக்கும். தோழர் குறித்த பொருளை ‘எனக்கு வேண்டும்’ என்று பதில் குறியும் இடலாம். குறித்ததைப் பாத்திரமே வாய்விட்டும் சொல்லிவிடும். மைக் இல்லாத மூவர், முன்பின் அறியாதவர்கள், ஒழுங்காக ஓர் ஆட்டம் ஆட முடியும் என்று அது காட்டியது. அந்த முறைக்கான காப்புரிமையை மற்ற நிறுவனங்களும் கட்டணமின்றிப் பயன்படுத்தலாம் என்று அந்த விளையாட்டை வெளியிட்ட இஏ நிறுவனம் 2021இல் அறிவித்தது. மாற்றுத்திறனாளிகளுக்குப் பயன்படும் காப்புரிமைகள் என்ற வரிசையிலேயே அதைச் சேர்த்தார்கள்.

அதன் பொருள் நம் சங்கத்தில் கண்ணெதிரே தெரிந்தது. காது கேளாத உறுப்பினர் ஒருவர் இந்த ஆண்டு நம்முடன் சேர்ந்தார். பிஜிஎம்ஐயில் காலடியும் துப்பாக்கி ஒலியும் சிறு வரைபடத்தில் குறிகளாகத் தெரிவதால், அவர் மற்றவர்களுக்கு முன்பே ஆபத்தைக் காண்கிறார், கண்டதும் குறியிடுகிறார். அவருடைய அணியினர் எந்தச் செய்தியையும் குரலோடு நிறுத்தாமல் குறியும் சேர்த்து இட வேண்டும் என்று பழகிக்கொண்டார்கள். அந்தப் பழக்கத்தால் நால்வரின் ஆட்டமும் தெளிந்தது. இப்போது எல்லா அணிகளுக்கும் அதையே பரிந்துரைக்கிறோம்.

உறுப்பினர்கள் பொறுமையாகக் கேட்க வேண்டிய பகுதிக்கு வந்திருக்கிறேன். நம் பதிவுகளில் வசைகள் இருந்தன. அடிபட்டு விழுந்த தோழரைத் தூக்கிவிட 10 வினாடி ஆகிறது. அந்த 10 வினாடியும் அவரைத் திட்டுவதிலேயே கழிந்த பதிவுகளைக் கேட்டோம். திட்டு வாங்கியவர் அடுத்த ஆட்டத்தில் என்ன செய்கிறார் என்றும் கவனித்தோம். அவர் பேசுவதை நிறுத்திவிடுகிறார். எதிரியைப் பார்த்தாலும் சொல்வதில்லை. தவறாகச் சொல்லிவிடுவோமோ என்ற அச்சம். ஒரு வசைச் சொல்லால் அணி ஒரு ஜோடிக் கண்களை இழக்கிறது. இது உலகெங்கும் உள்ள நோய்தான். லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் ஆட்டத்தில் எதிரணியோடு எழுத்தில் பேசும் வசதியை 2021இல் அதை நடத்தும் ரயட் நிறுவனம் வழக்கமான ஆட்டங்களில் நிறுத்திவைத்தது. சொல்லைத் தடுத்தால் குறியீட்டைக் கொண்டு குத்தினார்கள். கேலிக்குப் பயன்பட்ட ஒரு பிங் குறியை 2023இல் நீக்கவே வேண்டியிருந்தது. நிறுவனம் எதைத் தடுத்தாலும், பக்கத்தில் இருப்பவரை மதிக்கும் பழக்கத்தை நாம்தான் உண்டாக்க வேண்டும்.

நம் பெண் உறுப்பினர்கள் பெரும்பாலும் மைக்கைத் திறப்பதே இல்லை. அறிமுகமற்ற அணிகளில் குரலைக் கேட்டதுமே தொடங்கும் கேள்விகளும் ஆபாசப் பேச்சும்தான் காரணம் என்று செப்டம்பரில் அவர்கள் தனியாகக் கூடிப் பேசி, எழுத்தில் கொடுத்தார்கள். அந்தக் கடிதத்தைச் செயற்குழுவில் முழுமையாக வாசித்தேன். வாசித்து முடித்ததும் சிறிது நேரம் எவரும் பேசவில்லை. அதன் விளைவாக, பெண் உறுப்பினர்கள் விரும்பும்போது சங்க உறுப்பினர்கள் நால்வராகச் சேர்ந்தே களமிறங்க ஏற்பாடு செய்தோம். வெளியாள் எவரேனும் தகாத முறையில் பேசினால், அவர் குரலை அடைத்து ஆட்டத்துக்குள்ளேயே புகார் பதிவதை அணியில் இருக்கும் மற்றவர்கள் செய்ய வேண்டும். பாதிக்கப்பட்டவரே செய்யட்டும் என்று விடக் கூடாது. சங்க உறுப்பினரே அப்படிப் பேசினால் உறுப்பினர் நீக்கம், மறுபேச்சில்லை. நவம்பர் முதல் நம் வட்டார ஆட்டங்களில் பெண்களின் குரல் கேட்கிறது. இந்த ஆண்டில் எனக்கு மிகவும் நிறைவளித்த செய்தி இதுவே.

கருவிகள் பற்றிச் சுருக்கமாக. கைபேசியில் ஆடுவோர் கம்பியுள்ள இயர்போனையே பயன்படுத்துங்கள். புளூடூத்தில் மைக் திறந்ததும் காதில் விழும் ஒலியின் தரம் இறங்கிவிடும். காலடி இடப்பக்கமா வலப்பக்கமா என்று தெரியாமல் போகும். மின்விசிறிக்கு நேர் கீழே உட்காராதீர்கள். பேசும்போது மட்டும் மைக்கைத் திறக்கும் பழக்கம், வீட்டுச் சத்தம் அணிக்குள் வராமல் காக்கும்.

மழைநாள்களில் மின்சாரமும் இணையமும் நின்றபோது, கீப் டாக்கிங் அண்ட் நோபடி எக்ஸ்ப்ளோட்ஸ் என்ற 2015ஆம் ஆண்டு விளையாட்டை ஒரு மடிக்கணினியில் ஆடினோம். அதற்கு இணையம் தேவையில்லை. ஒருவர் மட்டும் வெடிகுண்டைப் பார்ப்பார். மற்றவர்கள் அச்சிட்ட கையேட்டை வைத்துக்கொண்டு, குண்டைப் பாராமலே செயலிழக்கச் செய்ய வேண்டும். கையேட்டை அந்த நிறுவனம் இலவசமாகவே தருகிறது. கம்பிகளின் நிறத்தையும் வரிசையையும் சொல்லத் தெரியாமல் நம் தலைசிறந்த துப்பாக்கி வீரர்கள் திணறியதும், கூச்சம் மிகுந்த ஒன்பதாம் வகுப்பு மாணவி ஒருவர் நிதானமாகச் சொல்லிச் சொல்லிக் குண்டை அணைத்ததும் பலருக்குக் கண்ணைத் திறந்தன. அந்த மாணவிதான் இன்று நம் இளையோர் அணியின் ஐஜிஎல்.

பெற்றோர் கவனத்துக்கு இரண்டு செய்திகள். பணம் வைத்து ஆடும் இணைய விளையாட்டுகளைத் தடைசெய்து, இ-ஸ்போர்ட்ஸை அங்கீகரிக்கும் சட்டம் 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. நம் சங்கத்தில் பந்தயப் பணம் என்றும் இருந்ததில்லை. தடை நீங்கி 2023இல் மீண்டும் வந்தபோது பிஜிஎம்ஐ 18 வயதுக்கு உட்பட்டோருக்கு நாளுக்கு 3 மணி நேரம் என்று வரம்பு வைத்தது. நம் பயிற்சி நேரம் அதற்குள் அடங்கும்படியே அமைக்கப்பட்டிருக்கிறது.

வரும் ஆண்டுக்குச் செயற்குழு வைக்கும் பணிகள் இவை. மேற்சொன்ன விதிகளைச் சிறு கையேடாக அச்சிட வேண்டும். அறிமுகமற்றவர்களோடு சேரும்போது தெலுங்கு, மலையாளம், இந்தி பேசுவோருடன் எப்படிச் சமாளிப்பது என்பதற்கு நம்மிடம் இன்னும் நல்ல விடை இல்லை. எண்களையும் பிங் குறிகளையும் மட்டும் கொண்டு ஆடும் பயிற்சி நாள் ஒன்றை மாதந்தோறும் நடத்திப் பார்க்க எண்ணுகிறோம். சைகை மொழி தெரிந்த ஒருவர் கூட்டங்களுக்கு வர ஏற்பாடு செய்ய வேண்டும். தெரிந்தவர்கள் இருந்தால் என்னிடம் சொல்லுங்கள்.

கூடத்தை வாடகையின்றித் தந்த உரிமையாளருக்கும், ஆயுத பூஜையன்று கணினிகளைத் துடைத்துப் பொட்டு வைத்ததோடு நில்லாமல் பழுதான மூன்றையும் சரிசெய்து கொடுத்த இளைஞர்களுக்கும், ஒலிப்பதிவுகளைப் பொறுமையாகக் கேட்டு எழுதிய செயற்குழுவினருக்கும் நன்றி. இவ்வறிக்கையை விவாதித்து ஏற்றுக்கொள்ளுமாறு பொதுக்குழுவைக் கேட்டுக்கொள்கிறேன். கையேட்டின் வரைவு வாசலருகே மேசையில் இருக்கிறது. திருத்தங்களை மாத இறுதிக்குள் எழுதித் தாருங்கள்.

செயலாளர்