அந்த ஒரே இரவுக்கு முன்னால்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். திரையிசை பற்றித் தங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையில், 1976-இல் 'அன்னக்கிளி' வெளிவந்ததும் இளையராஜா 'ஒரே இரவில்' உயர்ந்துவிட்டதாக எழுதியிருந்தார்கள். அந்த இரவு விடிவதற்குப் பல ஆண்டுகள் பிடித்தன என்பதைக் கட்டுரையாளர் மறந்துவிட்டார்.

பண்ணைப்புரத்திலிருந்து 1960-களின் கடைசியில் சென்னைக்கு வந்தவர், மயிலாப்பூரில் தன்ராஜ் மாஸ்டரிடம் மேற்கத்திய இசை கற்றார். பிறகு இசையமைப்பாளர் ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளர். உதவியாளர் வேலை என்றால் ஆர்மோனியப் பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பது மட்டுமல்ல. மெட்டு பிறந்தவுடன் ஸ்வரங்களைக் குறித்துக்கொள்ள வேண்டும். வயலின்காரருக்கு ஒரு தாள், புல்லாங்குழல்காரருக்கு ஒரு தாள் என்று எழுதிக் கொடுக்க வேண்டும். ஒத்திகை பார்க்க வேண்டும். பாட்டு வெளியே வரும்போது பெயர் மட்டும் வேறொருவருடையது.

அந்த வெங்கடேஷின் பெயர்கூடக் கட்டுரையில் இல்லை என்பதுதான் என் வருத்தம். கன்னடத்தில் ராஜ்குமாரின் 'பங்காரத மனுஷ்ய' (1972) படத்துக்கு இசையமைத்தவர் அவர். 'பொன்னுக்கு தங்க மனசு' படத்தின் 'தேன் சிந்துதே வானம்' பாடலும் அவருடையதே. அதை எம்.எஸ். விஸ்வநாதன் பாட்டு என்று பல காலம் நண்பர்களிடம் அடித்துப் பேசியவன் நான். ஆகவே கட்டுரையாளரை அதிகம் குறை சொல்லவும் எனக்குத் தகுதியில்லை!

வெங்கடேஷே விஸ்வநாதனிடம் உதவியாளராக இருந்தவர்தான். விஸ்வநாதனும் ராமமூர்த்தியும் இசையமைப்பாளர் சி.ஆர். சுப்பராமனின் குழுவில் வளர்ந்தவர்கள். 1952-இல் சுப்பராமன் இளம் வயதில் மறைந்தபோது, அவர் பாதியில் விட்டுப்போன வேலையை முடித்துக்கொடுத்த கையோடு இருவரும் இரட்டை இசையமைப்பாளர்களாகத் தலையெடுத்தார்கள். ஏ.ஆர். ரஹ்மானும் அப்படித்தான், 1992-இல் 'ரோஜா' வருவதற்கு முன்பே, பிறர் பாடல்களுக்கு ஆண்டுக்கணக்கில் கீபோர்டு வாசித்திருந்தார். அவரும் தன்ராஜ் மாஸ்டரிடம் படித்தவர்.

இன்று கணினியும் ஓர் அறையும் இருந்தால் போதும் என்கிறார்கள். இருக்கலாம். ஆனால் அங்கும் இரவெல்லாம் கண்விழித்து ஒலிகளைக் கோக்கும் இளைஞர்கள் இருக்கிறார்கள். படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது நாம் வாசலைத் தாண்டியிருப்போம்.

அந்தக் காலத்து ஒலிப்பதிவுக் கூடங்களில் வாசித்த கலைஞர்கள் சிலர் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள். அடுத்த ஞாயிறு இணைப்பில் இசையமைப்பாளரின் படத்துக்குக் கொடுக்கும் அரைப் பக்கத்தில் கால் பக்கத்தையாவது அவர்களுக்கு ஒதுக்குங்கள்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்,
தேனி