மண்டபத்தில் நீ சொன்ன பெயர்

அன்புள்ள நண்பனுக்கு,

போன மாசம் பாலக்கோட்டுக் கல்யாணத்தில் பந்தி முடிந்து கை கழுவிவிட்டு வரும்போது நீ எதிரே வந்தாய். பக்கத்தில் நின்ற என் வீட்டுக்காரியிடம், "இவன்தான், அடிக்கடி சொல்வேனே, நம்ம சப்பாணி" என்றேன். நீ சிரித்தாய். கும்பிட வேண்டுமென்றால் நீ முட்டியிலிருந்து கையை எடுக்க வேண்டும். அதற்கு எதிலாவது சாய வேண்டும். தூண் வரைக்கும் நடந்துபோய்ச் சாய்ந்துகொண்டு இரண்டு கையையும் கூப்பினாய். "வணக்கம்மா" என்று சொல்லி, இனிஷியலோடு உன் முழுப்பெயரைச் சொன்னாய். அப்புறம், பாயசம் தீர்ந்துவிட்டதா என்று என்னிடம் கேட்டுவிட்டுப் பந்திக்குப் போய்விட்டாய்.

கிருஷ்ணகிரி பஸ்ஸில் அவள் கேட்டாள்: "அவர் பேரு என்னமோ சொன்னாரே, என்னது?" சொன்னேன். "நல்ல பேராத்தானே இருக்குது, அப்புறம் ஏன் நீங்க அப்படிக் கூப்பிடறீங்க?" அது ஒரு சினிமாப் பேர் என்றேன். காவேரிப்பட்டணம் தாண்டும் வரைக்கும் அவள் என்னோடு பேசவில்லை. தூங்கிவிட்டாள் என்றுதான் முதலில் நினைத்தேன்.

உன் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. நாலு பேர் படிக்கிற இடம் இது, உன்னிடம் கேட்கவும் இல்லை. ஏழாம் வகுப்பிலிருந்து அந்தப் பெயரைச் சொல்லாமல் இருந்தவன், இப்போது எழுதாமலும் இருக்கிறேன். இந்த இரண்டாவதையாவது நீ தப்பாக எடுத்துக்கொள்ள மாட்டாய்.

அது சினிமாப் பேர்தான், பொய் இல்லை. மாரண்டஹள்ளி ரோட்டில் அப்போது இருந்த டூரிங் கொட்டாய் ஞாபகம் இருக்கிறதா? நம் பக்கத்தில் காட்டில் கட்டிய வீடும் கொட்டாய், படம் ஓட்டுகிற இடமும் கொட்டாய். வெளியூர்க்காரர்கள் இதைக் கேட்டுக் குழம்புவார்கள். பிள்ளையார் பாட்டு போட்டால் படம் ஆரம்பிக்கப் போகிறது என்று அர்த்தம். களியைப் பாதியில் விட்டுவிட்டு ஓடுவோம். தரை டிக்கெட்டில் மணலைக் குவித்து மேடாக்கி உட்காருவோம், பின்னால் இருக்கிறவன் திட்டுவான். 1977இல் வந்த '16 வயதினிலே' அந்தக் கொட்டாய்க்கு 1986இல்தான் வந்தது. உன் வீட்டில் அன்றைக்கு உன்னை விடவில்லை. நான் போனேன்.

பாரதிராஜாவின் முதல் படம், ஸ்ரீதேவி, ரஜினி, இளையராஜா என்று அந்தப் படத்தைப் பற்றி எல்லோரும் எல்லாமும் எழுதிவிட்டார்கள். எனக்கு ஒரே ஒரு காட்சிதான் இப்போது வேண்டும். கமலுக்கு அதில் வாய் நிறைய வெற்றிலை, இழுத்து இழுத்து ஒரு நடை. ஊரே சப்பாணி என்று கூப்பிடுகிறது. ஸ்ரீதேவி நடித்த மயில்தான் அவனை உட்கார வைத்து, உன் பெயர் கோபாலகிருஷ்ணன், இனிமேல் எவனாவது சப்பாணி என்றால் சப்பென்று ஒன்று விடு என்கிறாள். படமே வாயைத் திறந்து சொல்லிவிட்டது. கொட்டாயில் அந்த இடத்தில் விசில் பறந்தது. நானும் அடித்தேன்.

மறுநாள் காலையில் பள்ளிக்கூடத்து மதில்மேல் நாங்கள் ஏழெட்டுப் பேர். நீ கடலைக்கொல்லை வரப்பில் வந்துகொண்டிருந்தாய். வரப்பு குறுகல் என்பதால் உன் நடை அதில் இன்னும் அதிகமாக ஆடும். நான் மதிலிலிருந்து குதித்து கமல் மாதிரி நடந்து காட்டினேன். வாயைக் கோணிக்கொண்டு, காலை இழுத்துக்கொண்டு. நான் நடித்தது கமலைத்தான், சத்தியமாக. பையன்கள் பார்த்தது உன்னை. அதில் ஒருவன் கை தட்டினான். அந்தக் கைதட்டலுக்கு மயங்கி, "டேய், சப்பாணி வர்றான்டா" என்றேன்.

யார் முதலில் ஆரம்பித்தது என்று நீ ஒருமுறை கேட்டாய். தெரியலடா என்று சொன்னேன். தெரியும். நான்தான்.

அப்புறம் அது என் கையில் இல்லை. வாத்தியார்கள்கூட வருகைப் பதிவில் மட்டும்தான் உன் பெயரைச் சொன்னார்கள். ஒன்பதாம் வகுப்பில் தமிழய்யா பிள்ளைத்தமிழின் பருவங்களைச் சொல்லிக்கொண்டு வந்தார். காப்பு, செங்கீரை, தால். அடுத்தது சப்பாணி. வகுப்பு முழுக்க உன் பக்கம் திரும்பியது. அய்யாவுக்கு ஒன்றும் புரியவில்லை, பாவம். சப்பாணி என்றால் குழந்தை இரண்டு கையையும் சேர்த்துக் கொட்டி விளையாடுவது, எவ்வளவு அழகான சொல் என்று விளக்கினார். எவனோ ஒருவன் கை தட்ட ஆரம்பித்தான், உடனே எல்லோரும் தட்டினார்கள். நீயும் தட்டினாய். டவுசரின் இடது ஓரம், நீ கை ஊன்றி ஊன்றி நடப்பதால் எப்போதும் வெளுத்து நூல் பிரிந்திருக்கும். தட்டி முடித்ததும் உன் கை அந்த இடத்துக்கே போய் அந்த நூலைத் திருகிக்கொண்டிருந்தது. நான் பக்கத்து பெஞ்ச், எனக்கு நன்றாகத் தெரிந்தது.

1989 சித்திரை ஒன்றுக்கு 'அபூர்வ சகோதரர்கள்' வந்தது. பத்தாம் வகுப்புப் பரீட்சை முடிந்த சமயம். தர்மபுரிக்கு டவுன் பஸ் பிடித்துப் போனோம், நீயும் வந்தாய். சர்க்கஸ் குள்ளன் அப்பு, முதலாளி மகள் தன்னைத்தான் கட்டிக்கப் போகிறாள் என்று நம்பி, ஜோராகக் கிளம்பிப் பதிவாளர் ஆபீசுக்குப் போகிறான். அங்கே மாப்பிள்ளை வேறு ஆள். இவனைக் கூப்பிட்டது சாட்சிக்கு. அந்த இடம் வருவதற்குக் கொஞ்சம் முன்னால், முறுக்கு வாங்கிட்டு வர்றேன் என்று எழுந்து போனாய். சோகப் பாட்டு முடிந்துதான் வந்தாய். முறுக்கு இல்லை. அந்தக் காட்சி வரப்போகிறது என்று உனக்கு எப்படித் தெரிந்தது என்று நான் ரொம்ப நாள் யோசித்திருக்கிறேன். படம் வந்து நாலு நாள்கூட ஆகவில்லை.

திரும்பி வரும்போது பஸ் முழுக்க ஒரே பேச்சு, கமல் காலை எப்படி மடக்கினார் என்று. ஊர் உலகமே அதைத்தான் பேசியது. பள்ளம் தோண்டி நின்றார், முட்டிக்குத் தனியாகச் செருப்பு செய்தார் என்றெல்லாம் பின்னால் வெளியே வந்தது. நீ ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே, "எப்படி மடக்குனா என்னடா, ஷூட்டிங் முடிஞ்சா நீட்டிக்குவாரில்ல" என்றாய். நாங்கள் சிரித்தோம், நீ ஜோக் அடித்தாய் என்று.

அந்த ஒரு வரியை வைத்துக்கொண்டுதான் இத்தனை வருஷமாக இந்த மாதிரிப் படங்களைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். உனக்கு இது தெரியாது. 'பிதாமகன்' பார்த்தேன், சுடுகாட்டில் வளர்ந்த சித்தனாக விக்ரம். தேசிய விருது கிடைத்தது, கொடுக்க வேண்டியதுதான், அப்படியொரு நடிப்பு. ஆனால் ஒன்று கவனித்தாயா? நம் ஊரில் ஒரு நடிகர் பெரிய நடிகர் என்று பெயர் வாங்க வேண்டுமென்றால் ஒரு படத்திலாவது கண்ணையோ காலையோ பேச்சையோ புத்தியையோ கொஞ்ச நாளைக்கு விட்டுக்கொடுக்க வேண்டியிருக்கிறது. விருது வாங்க மேடையில் ஏறும்போது எல்லாம் திரும்ப வந்திருக்கும்.

2015இல் வந்த 'ஐ' எனக்கு ஆகவில்லை. ஆகவில்லை என்று இப்போது சொல்கிறேன், தியேட்டரில் மூன்று மணி நேரமும் வாயைப் பிளந்துகொண்டுதான் உட்கார்ந்திருந்தேன். நாயகனை ஊசி போட்டு உருவம் குலைத்துக் கூனனாக்குகிறார்கள். அவன் பழிவாங்கக் கிளம்பி, ஒவ்வொருத்தனையும் சாகவிடாமல் ஒவ்வொரு விதமாக உருவம் குலைக்கிறான். சாவைவிடப் பெரிய தண்டனையாம் அது. கூட்டம் கை தட்டுகிறது. பிறந்ததிலிருந்தோ காய்ச்சல் கண்டதிலிருந்தோ அப்படியே இருக்கிறவன் ஒருவன் அதே வரிசையில் உட்கார்ந்திருந்தால், அவன் எந்த இடத்தில் கை தட்டுவான்?

சமீபத்தில் ராத்திரி தூக்கம் வராமல் ஒரு பழைய ஆங்கிலப் படம் பார்த்தேன், 'தி எலிஃபண்ட் மேன்'. 1980, டேவிட் லிஞ்ச், கறுப்பு வெள்ளை. 1862இல் இங்கிலாந்தில் பிறந்து 27 வயதில் இறந்துபோன ஒரு நிஜ மனிதனின் கதை. உடம்பும் முகமும் கட்டுக்கட்டாக வளர்ந்துபோய், காசு வாங்கிக்கொண்டு காட்சிக்கு வைக்கப்பட்டவன். படத்தில் ரொம்ப நேரத்துக்கு அவன் முகத்தைச் சரியாகக் காட்டுவதே இல்லை. தலையில் சாக்கு, சுவரில் நிழல், பார்த்தவர்களின் அலறல். எப்போதடா காட்டுவான் என்று நான் போர்வையை விலக்கிவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்திருந்தேன். அப்போதுதான் உறைத்தது. அந்தக் கூடாரத்துக்கு வெளியே காசோடு வரிசையில் நிற்கிறவனும் இப்படித்தானே நின்றிருப்பான். லிஞ்ச் வேண்டுமென்றே என்னை அங்கே கொண்டுபோய் நிறுத்தியிருக்கிறார். அந்த முகத்தைப் போட ஜான் ஹர்ட் என்ற நடிகர் ஒவ்வொரு ஷூட்டிங் நாளும் ஏழெட்டு மணி நேரம் உட்கார்ந்தாராம். ஷூட்டிங் முடிந்தால் கழற்றிவிடுவார், நீ சொன்ன மாதிரி.

அதில் இன்னொன்று. படம் முழுக்க அந்த மனிதனை ஜான் மெரிக் என்கிறார்கள். நிஜப் பெயர் ஜோசப். அவனைப் பார்த்துக்கொண்ட டாக்டர் ட்ரீவ்ஸ் பின்னால் எழுதிய புத்தகத்தில் ஜான் என்று எழுதிவிட்டார், படமும் அதையே பிடித்துக்கொண்டது. அவ்வளவு இரக்கத்தோடு எடுத்த படம், அவனும் மனிதன்தான் என்று சொல்வதற்காகவே எடுத்த படம், ஆளின் பெயரைத் தப்பாகச் சொல்கிறது. நம் ஊரிலும் பார், கோபாலகிருஷ்ணன் என்று யாராவது அந்தப் பாத்திரத்தைப் பற்றிப் பேசிக் கேட்டிருக்கிறாயா? டிவியில், பத்திரிகையில், பாராட்டு விழாவில் எல்லா இடத்திலும் சப்பாணிதான். மயில் சொன்னதை ஒருத்தரும் காதில் வாங்கவில்லை.

நிஜ ஆட்களையே நடிக்க வைத்த படமும் உண்டு. 1932இல் அமெரிக்காவில் 'ஃபிரீக்ஸ்' என்று ஒன்று, சர்க்கஸ் பக்கக் கொட்டகைகளில் காட்சிப்பொருளாக இருந்தவர்களே அதில் நடித்தார்கள். ஸ்டுடியோ சாப்பாட்டுக்கூடத்தில் மற்றவர்கள் முகம் சுளித்ததால் அவர்களில் பலருக்கு வெளியே தனியாகப் பந்தி போட்டார்களாம். பிரிட்டனில் படத்தையே முப்பது வருஷம் தடை செய்து வைத்திருந்தார்கள். இதைப் படித்தபோது உன் எஸ்.டி.டி. பூத் ஞாபகம் வந்தது. போலியோ சொட்டு மருந்து முகாம் ஆரம்பித்த வருஷங்களில், ஒரு ஞாயிற்றுக்கிழமை உன் பூத்துக்கு முன்னால் மேசை போட்டார்கள். தயங்கி நின்ற ஒரு அம்மாவிடம் முகாமுக்கு வந்த நர்ஸ், "மருந்து போடலைன்னா பாரும்மா, அந்தா அந்தப் பூத்துக்காரர் மாதிரி ஆயிடும்" என்று கையைக் காட்டினாராம். நீயே சிரித்துக்கொண்டு சொன்னாய். அன்றைக்கு அந்தம்மா குழந்தைக்குச் சொட்டு மருந்து போட்டுக்கொண்டு போனார்கள், அதனால பரவால்லடா என்றாய். அடுத்த முகாமுக்கு நீயே மேசையை உள்ளே நிழலில் போடச் சொன்னாய்.

2014இல் இந்தியாவில் போலியோ இல்லை என்று அறிவித்த செய்தியைப் பார்த்ததும் உனக்கு போன் செய்தேன். என்ன பேசினோம் என்று ஞாபகம் இல்லை, தக்காளி விலை பற்றிப் பேசியிருப்போம். ஆனால் எப்படிக் கூப்பிட்டேன் என்று ஞாபகம் இருக்கிறது.

எல்லாப் படத்தையும் குறை சொல்கிறேன் என்று நினைக்காதே. 'சூப்பர் டீலக்ஸ்' படத்தில் அப்பாவுக்காகக் காத்திருக்கிற ராசுக்குட்டி என்று ஒரு பையன். பல வருஷம் கழித்து அப்பா புடவை கட்டிக்கொண்டு ஷில்பாவாக வந்து இறங்குகிறார். வீடே உறைந்து நிற்கிறது. பையன் போய்க் கையைப் பிடித்துக்கொள்கிறான், அவ்வளவுதான், அவனுக்கு ஒன்றுமே ஆகவில்லை. அந்தப் பையனைப் பார்க்க மட்டும் நீ அந்தப் படத்தைப் பார். நடுவில் முறுக்கு வாங்கப் போக வேண்டியிருக்கும் சில இடங்களும் உண்டு, சொல்லிவிடுகிறேன்.

கல்யாணத்திலிருந்து வந்த அன்றைக்கு ராத்திரி போனை எடுத்தேன். அதில் நீ 'சப்பாணி பாலக்கோடு' என்று இருந்தாய். அதை அழித்துவிட்டு, தூணில் சாய்ந்துகொண்டு நீ சொன்ன மாதிரியே, இனிஷியலோடு முழுப்பெயரை அடித்துச் சேமித்தேன். இனிஷியலுக்குப் பின்னால் புள்ளிகூட வைத்தேன்.

மூன்றாம் நாள் மத்தியானம் மண்டியில் வேலையாக இருக்கும்போது ஒரு போன் வந்தது. திரையில் ஏதோ பெயர். யாரென்று தெரியவில்லை, லோன் வேண்டுமா என்று கேட்கிற ஆளாக இருக்கும் என்று கட் செய்துவிட்டேன். சாயங்காலம் டீக்கடையில் உட்கார்ந்து போனைப் பார்க்கும்போதுதான் புரிந்தது.

அது நீ. அப்புறம் நீ கூப்பிடவில்லை, எனக்கும் கூப்பிடக் கை வரவில்லை. என்ன விஷயமாகக் கூப்பிட்டாய்?

இப்படிக்கு,
அன்றைக்கு மதில்மேல் உட்கார்ந்திருந்தவன்
கிருஷ்ணகிரி