'ஒப்புக்கொண்டார்' என்பதோடு செய்தி முடிந்துவிடுமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கஞ்சா வழக்கில் ஒருவர் விடுதலையான செய்தியைத் தங்கள் நாளிதழில் படித்தேன். 'சோதனை நடைமுறையில் குறைபாடு' என்று ஒரே வரியில் காரணத்தை முடித்திருந்தீர்கள். இரண்டு நாள் கழித்து வாசகர் ஒருவர், 'சட்டத்தின் ஓட்டை வழியாகத் தப்பிவிட்டான்' என்று கொதித்து எழுதியிருந்தார். அவர் கோபம் நியாயமானதுதான். பள்ளிக்கூடம் விடும் நேரத்தில் எங்கள் தெருமுனையில் யார் யார் வந்து நிற்கிறார்கள் என்பதைத் தினமும் பார்க்கிறவன் நான். என் பேரனும் அந்த வழியாகத்தான் வருகிறான். ஆனால் அவர் சொல்லும் அந்த 'ஓட்டை'யை முப்பது வருடம் டைப் அடித்தவன் என்கிற முறையில் எனக்கும் சொல்வதற்குக் கொஞ்சம் இருக்கிறது.

தம்பு செட்டித் தெருவில் ஒரு மாடிப்படிக்கு அடியில் எங்கள் டைப்பிங் கடை. மேல்முறையீட்டுக்காக வக்கீல் குமாஸ்தாக்கள் கொண்டுவரும் வழக்குக் கட்டுகளை அடித்துக் கொடுப்பது தொழில். என்.டி.பி.எஸ்., அதாவது போதைப்பொருள் தடுப்புச் சட்டக் கட்டு வந்தால் பாதியைப் பார்க்காமலே அடித்துவிடலாம். 'பொதுமக்களைச் சாட்சிக்கு அழைத்தோம், எவரும் முன்வரவில்லை' என்று மகஜர், அதாவது சோதனை நடந்த இடத்தில் எழுதும் பறிமுதல் குறிப்பு, சொல்லும். இடம் எது என்று பார்த்தால் கோயம்பேடு பேருந்து நிலையம், நேரம் மாலை ஆறு மணி! வாக்குமூலத்துக்கு வந்தால், 'என்னை அழைத்துச் சென்றால் மறைத்து வைத்துள்ள இடத்தைக் காட்டி எடுத்து ஆஜர் செய்கிறேன்' என்று இருக்கும். மதுரைக்காரர் சொன்னாலும் இதே வாக்கியம், தமிழே தெரியாத ஒடிசாக்காரர் சொன்னாலும் இதே வாக்கியம். ஒற்றுப்பிழைகூட மாறாது.

ஒரு கட்டு இன்னும் கண்ணில் நிற்கிறது. பிடிபட்டவர் கொடுத்ததாக ஒரு சம்மதக் கடிதம். 'மாஜிஸ்திரேட் முன்போ அரசிதழ் பதிவு பெற்ற அதிகாரி முன்போ என்னைச் சோதனையிட வேண்டியதில்லை, தாங்களே சோதனை செய்யலாம்' என்று எழுதி, கீழே இடது கைப் பெருவிரல் ரேகை. எழுதியது மதியம் மூன்று மணி, தெருவில் வைத்து. முதல் தகவல் அறிக்கை பதிவானது மாலை ஆறரைக்கு, ஸ்டேஷனில். அந்த அறிக்கையோடு ஆறரை மணிக்குத்தான் பிறந்த குற்ற எண், மூன்று மணிக் கடிதத்தின் தலையிலேயே அதே பேனாவில், அதே மையில் இருந்தது. நான் வக்கீல் இல்லை. ஆனாலும் அடித்துக்கொண்டிருந்த கை நின்றுவிட்டது.

1985-ஆம் ஆண்டு என்.டி.பி.எஸ். சட்டத்தின் 50-வது பிரிவு கேட்பது பெரிய விஷயம் ஒன்றும் இல்லை. உடம்பைத் தடவிப் பார்ப்பதற்கு முன்னால், 'அரசிதழ் அதிகாரியோ மாஜிஸ்திரேட்டோ முன்னிலையில் சோதிக்கச் சொல்லிக் கேட்கும் உரிமை உனக்கு உண்டு' என்று அந்த ஆளிடம் சொல்ல வேண்டும், அவர் கேட்டால் அழைத்துப் போக வேண்டும். 1999-இல் பல்தேவ் சிங் வழக்கிலும், 2010-இல் விஜய்சிங் ஜடேஜா வழக்கிலும் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதை உறுதி செய்தது. ஏறக்குறைய செய்தோம் என்பது போதாது, அப்படியே செய்திருக்க வேண்டும் என்றது இரண்டாவது தீர்ப்பு. கையில் இருக்கும் பைக்கு இந்தப் பிரிவு பொருந்தாது, உடம்புக்கு மட்டும்தான் என்பதும் உச்ச நீதிமன்றம் சொன்னதே. ரயிலில் மூட்டையாக வரும் சரக்குக்கு இதைக் காட்டித் தப்ப முடியாது என்பதைக் கடிதம் எழுதிய வாசகர் கவனிக்க வேண்டும்.

இவ்வளவு கறார் எதற்கு? கஞ்சா இருபது கிலோவைத் தாண்டினால் குறைந்தபட்சமே பத்து வருடம். ஹெராயினுக்கு அந்த எல்லை 250 கிராம். 37-வது பிரிவு குறுக்கே நிற்பதால் ஜாமீன் லேசில் கிடைக்காது. பொருள் கையில் இருந்தது என்று நிரூபணமானால், தெரிந்துதான் வைத்திருந்தார் என்றே கோர்ட் எடுத்துக்கொள்ளும், இல்லை என்று காட்டுவது அவர் பொறுப்பு. இத்தனையும் ஒருவர் தலையில் இறங்குவது அந்தச் சோதனை நடந்த பத்து நிமிடத்தை நம்பித்தான். தக்க காரணமில்லாமல், தொல்லைக்காகவே சோதனை போடும் அதிகாரிக்கும் 58-வது பிரிவில் தண்டனை இருக்கிறது: ஆறு மாதம் வரை சிறை, அல்லது ஆயிரம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். முப்பது வருடத்தில் அந்தப் பிரிவில் ஒரு கட்டுகூட என் மேஜைக்கு வரவில்லை.

அடுத்தது தங்கள் நிருபர்கள் விரும்பி எழுதும் 'விசாரணையில் ஒப்புக்கொண்டார்'. போலீசாரிடம் கொடுக்கும் ஒப்புதல் வாக்குமூலம் கோர்ட்டில் செல்லாது என்பது வெள்ளைக்காரன் காலத்துச் சட்டம். சாட்சியச் சட்டத்தின் 25-வது பிரிவாக இருந்தது, இப்போது புதிய சட்டத்தில் 23-வது. பொருளைக் கண்டெடுக்க உதவிய பகுதி மட்டும் ஏற்கப்படும். மேலே சொன்ன 'அழைத்துச் சென்றால்' வாக்கியம் எல்லாக் கட்டிலும் ஏன் இருக்கிறது என்பது இப்போது புரிந்திருக்கும். ஆனால் மத்திய போதைப்பொருள் தடுப்புப் பிரிவு, சுங்கத்துறை போன்றவர்கள் 'நாங்கள் போலீஸ் இல்லை' என்று சொல்லி, என்.டி.பி.எஸ். சட்டத்தின் 67-வது பிரிவில் வாங்கிய வாக்குமூலத்தை வைத்தே பல வருடம் தண்டனை வாங்கிக் கொடுத்தார்கள். அதற்கு முற்றுப்புள்ளி வைத்தது நம் மாநிலத்திலிருந்து போன தூஃபான் சிங் வழக்கு. மூன்று நீதிபதிகளில் இருவர், இவர்களும் போலீஸ் அதிகாரிகளே என்றார்கள், ஒருவர் மாறுபட்டார். தீர்ப்பு வந்த நாள் 29.10.2020. ஜடேஜா தீர்ப்பும் ஓர் அக்டோபர் 29-இல் வந்ததுதான், சரியாகப் பத்து வருடம் முன்னால். தேதி அடித்துப் பழகிய கைக்கு இதெல்லாம் மறப்பதில்லை.

கோர்ட் குப்பைக்கூடையில் போடும் காகிதத்தைத் தாங்கள் தலைப்பில் போடுகிறீர்கள் என்பதுதான் என் வருத்தம். அதைப் படித்த ஊர், ஆள் குற்றவாளி என்று அன்றைக்கே முடிவு கட்டிவிடுகிறது. இரண்டு மூன்று வருடம் கழித்து விடுதலையானால் 'ஓட்டை' என்கிறது.

2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 105-வது பிரிவுப்படி, சோதனையையும் பறிமுதலையும் வீடியோ எடுத்துத் தாமதமின்றி மாஜிஸ்திரேட்டுக்கு அனுப்ப வேண்டும். செல்போனில் எடுத்தாலும் போதும். அடுத்த முறை பொட்டலங்களை மேஜையில் அடுக்கிப் பத்திரிகையாளர்களைக் கூப்பிடும்போது தங்கள் நிருபர் இரண்டே கேள்வி கேட்கட்டும்: உடம்பைச் சோதித்தது எந்த அதிகாரி முன்னிலையில், வீடியோ மாஜிஸ்திரேட்டுக்குப் போய்விட்டதா? கிடைக்கும் பதிலை 'ஒப்புக்கொண்டார்' என்ற வரிக்குக் கீழேயே அச்சிடுங்கள். பதில் வராவிட்டால், வரவில்லை என்று அச்சிடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தட்டச்சர் ஒருவர்,
வியாசர்பாடி, சென்னை - 39.